30 நாளா, 90 நாளா?

குடும்ப நல நீதிமன்றத் தீர்ப்பை எதிர்த்து மேல்முறையீடு செய்ய எத்தனை நாள் அவகாசம் என்று கேட்டால், சட்டமே இரண்டு விடை சொல்கிறது. 1984ஆம் ஆண்டின் குடும்ப நீதிமன்றங்கள் சட்டம், 19ஆவது பிரிவில், 30 நாள் என்கிறது. இந்து திருமணச் சட்டத்தின் 28ஆவது பிரிவிலும் அவ்வளவே இருந்தது; தூரத்தையும் பணவசதியையும் எண்ணிப் பார்த்தால் அது போதாது என்று உச்ச நீதிமன்றம் சொன்ன பிறகு, 2003இல் அதை 90 நாளாக உயர்த்தினார்கள். ஆனால் 1984ஆம் ஆண்டுச் சட்டத்தை அப்படியே விட்டுவிட்டார்கள். 2016இல் பம்பாய் உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு 90 நாளே பொருந்தும் என்று தீர்ப்பளிக்க வேண்டியிருந்தது. வழக்கறிஞர்களே வாதிட்டுத் தீர்த்துக்கொண்ட ஒரு கணக்கைக் கோயம்புத்தூரில் தையல் வேலை செய்யும் என் உறவுக்காரப் பெண் அறிந்திருக்க வேண்டும் என்று எதிர்பார்ப்பதை என்னால் ஏற்க முடியவில்லை.

விவாகரத்து வழங்கி, அவள் கேட்ட ஜீவனாம்சத்தை மறுத்துத் தீர்ப்பு வந்த அன்று, மேல்முறையீட்டுக்குக் கெடு உண்டு என்று அவளிடம் யாரும் சொல்லவில்லை. விவாகரத்துத் தீர்ப்பாணையின் நகலை இரு தரப்புக்கும் இலவசமாகத் தர வேண்டும் என்று இந்து திருமணச் சட்டத்தின் 23ஆவது பிரிவு சொல்வதும் அவளுக்குத் தெரியாது. இரண்டு மாதம் கழித்தே நகல் மனு போட்டாள். நகலுக்காகக் காத்திருந்த நாள்களைக் கெடுவிலிருந்து கழிக்கலாம். மனு போடாமல் கடந்த நாள்களைக் கழிக்க முடியாது. பழைய வக்கீலிடமிருந்து வழக்குக் கட்டைத் திரும்பப் பெற்று, சென்னை உயர் நீதிமன்றத்தில் வேறொருவரைப் பிடித்து, அவருக்குக் கொடுக்கக் கடன் வாங்கி முடிப்பதற்குள் கெடு தாண்டி 61 நாள் தாமதமாகிவிட்டது. அதைப் பொறுத்துக்கொள்ளக் கேட்டு, மேல்முறையீட்டோடு தாமத மன்னிப்பு மனுவும் போட வேண்டியதாயிற்று. வருமானம் எவ்வளவாக இருந்தாலும் பெண்களுக்கு இலவச சட்ட உதவி பெறும் உரிமை 1987ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்திலேயே இருக்கிறது என்பதை நானே பிறகுதான் படித்து அறிந்தேன்.

தாமதத்தின் ஒவ்வொரு நாளுக்கும் விளக்கம் கேட்பதை வறட்டுப் பிடிவாதமாக்கிவிடக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 1987இல் சொன்னது, 4 நாள் தாமதமாக வந்த ஓர் அரசுத் தரப்பு மேல்முறையீட்டில். அரசுக்குக் காட்டிய அந்தப் பரிவு, சட்ட அலுவலகமோ கோப்பு பார்க்க ஆளோ இல்லாத ஒரு பெண்ணுக்கு இன்னும் கூடுதலாகக் கிடைக்க வேண்டும்.

எதிர்த்தரப்பின் நிலையும் எனக்குப் புரிகிறது. மேல்முறையீட்டுக் காலம் முடிந்தால் மறுமணம் செய்யலாம் என்பது இந்து திருமணச் சட்டத்தின் 15ஆவது பிரிவு. அதை நம்பிப் புதிய குடும்பம் அமைத்தவருக்கு, பல மாதம் கழித்து வரும் நோட்டீஸ் பேரிடிதான். அதனாலேயே தாமத மன்னிப்பு மனுக்களை இழுக்காமல் சில வாரங்களில் முடிவு செய்ய வேண்டும் என்கிறேன். அதற்கும் முன்பாக, தீர்ப்பின் கடைசிப் பக்கத்தில் மேல்முறையீட்டின் கடைசி நாளைத் தேதியாகவே எழுதி, சட்ட உதவி மையத்தின் முகவரியோடு அன்றே நகலைக் கையில் கொடுத்துவிட்டால், இந்த மனுக்களில் பெரும்பகுதிக்குத் தேவையே இருக்காது.

தாமதம் மன்னிக்கப்படும்வரை மேல்முறையீட்டுக்கு எண்கூட விழாது. என் உறவுக்காரப் பெண்ணின் மனு பதினோரு மாதங்களாக அந்த நிலையிலேயே இருக்கிறது. ஜீவனாம்சம் பற்றி ஒரு வார்த்தைகூட இன்னும் விசாரிக்கப்படவில்லை.