பெர்லின் கேட்டைத் திறந்த ஆபீசரை சுட்டாங்களா? இல்லைங்க

நம்ம முத்தியால்பேட்டை குரூப்புல ரெண்டு நாளா ஒரு ஃபார்வேர்ட் சுத்துது, 1989ல கிழக்கு, மேற்கு பெர்லினைப் பிரிச்ச பெர்லின் சுவர் கேட்டைத் திறந்துவிட்ட உளவுத்துறை ஆபீசரை மறுநாளே சுட்டுட்டாங்கன்னு. ரிடையர்டு ஏட்டு எங்க சித்தப்பா அதைப் படிச்சிட்டு ராத்திரி சாப்பிடவே இல்ல.

தப்புங்க அது. அவரு பேரு ஹரால்டு யேகர், கிழக்கு ஜெர்மனியோட ஸ்டாசிங்கற உளவுத்துறை ஆளு, நவம்பர் 9 ராத்திரி மேலதிகாரிக்கு திரும்பத் திரும்ப போன் போட்டும் தெளிவா உத்தரவு வரல, மேற்குப் பக்கம் போக ஜனம் நெருக்குது, 11.30 மணி வாக்குல அவரே திறக்கச் சொல்லிட்டாரு. 2014லகூட பேட்டி குடுத்திருக்காரு. மரண தண்டனையையே அங்க 1987ல எடுத்துட்டாங்க.

சுடப்பட்டது வேற ஒரு ஸ்டாசி கேப்டன், வெர்னர் டெஸ்கே, 1981ல. மேற்கு ஜெர்மனிக்கு ஓடறதுக்காக ரகசிய பேப்பரை வீட்டுல வெச்சிருந்தாரு, பாவம், ஒரு தாளைக்கூட யாருக்கும் குடுக்கல. ஸ்டாசி ஃபைலெல்லாம் இப்ப ஜெர்மன் தேசிய ஆவணக் காப்பகத்துல இருக்கு, அவங்க வெப்சைட்ல பாருங்க. தயவுசெஞ்சு இனி அனுப்பாதீங்க, அனுப்பியிருந்தா டெலிட் பண்ணிடுங்க.