சென்னைன்னா எந்தச் சென்னை?

அதிகாலை நாலரை மணி. திருச்சியில் ஏறும்போது முன் கண்ணாடிக்கு மேல் "சென்னை" என்று எரிந்த போர்டு இன்னும் எரிந்துகொண்டுதான் இருக்கிறது. "சென்னை வந்தாச்சு, எல்லாம் எறங்குங்க, லக்கேஜ் பாத்து எடுத்துக்குங்க." கண்டக்டர் கடைசி சீட் வரைக்கும் தட்டிக்கொண்டே போகிறார். இடுப்பில் தூங்குகிற குழந்தை, ஒரு கையில் அரிசிப் பை, இன்னொரு கையில் சூட்கேஸோடு இறங்குகிற அம்மா கேட்கிறார்: "அண்ணே, கோயம்பேடு மார்க்கெட் எந்தப் பக்கம்?"

"இது கிளாம்பாக்கம்மா. கோயம்பேடு இங்கேர்ந்து முப்பது கிலோமீட்டர்."

"போர்டுல சென்னைன்னுதானே போட்டிருந்துச்சு?"

"இதுவும் சென்னைதாம்மா."

கிளாம்பாக்கம் பேருந்து நிலையத்தில் தினம் தினம் விடியற்காலையில் நடப்பது இது. "இதுவும் சென்னைதாம்மா" என்ற அந்த ஒரு வரிதான் வயிறெரிய வைக்கிறது. கண்டக்டர் மேல் கோபம் இல்லை, ராத்திரி முழுக்க அவரும்தான் கண்விழித்து வந்திருக்கிறார். கோபம் அந்தப் பெயர் மேல். அதை ரப்பர் மாதிரி வேண்டிய இடத்துக்கு இழுத்து வேண்டாத இடத்தில் சுருக்கிக்கொள்கிறவர்கள் மேல்.

அந்த அம்மா நிற்கிற நிலத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். வருவாய்த் துறைக்கு அது செங்கல்பட்டு மாவட்டம், வண்டலூர் வட்டம். சென்னை மாநகராட்சி எல்லைக்கு வெளியே. சூட்கேஸ் காணாமல் போனால் புகார் போகவேண்டியது தாம்பரம் மாநகரக் காவலுக்கு. ஆனால் வண்டலூர் தபாலுக்கு "சென்னை 600 048". பேருந்து நிலையத்தைக் கட்டியது சென்னைப் பெருநகர வளர்ச்சிக் குழுமம் (சி.எம்.டி.ஏ.). பஸ் போர்டுக்கும் சென்னை. மூன்று பேருக்கு சென்னை, மூன்று பேருக்கு இல்லை, எல்லாம் ஒரே சிமென்ட் தரையில். சுமந்துகொண்டு நிற்கிறவருக்கு மட்டும் இதில் எதுவும் சொல்லப்படவில்லை.

அவர் இனி என்ன செய்யவேண்டும் என்று பாருங்கள். வெளியூர் பஸ் நிற்கும் நடைமேடையிலிருந்து மாநகரப் பேருந்துப் பகுதிக்குச் சுமையோடு நடக்கவேண்டும். கோயம்பேட்டுக்கு 70வி பிடிக்கவேண்டும். ரயில்தான் வசதி என்றால் தாம்பரம் வரை சுமார் 10 கி.மீ. பஸ், அங்கே இறங்கி, படி ஏறி, கடற்கரை போகும் மின்சார ரயில். இந்தப் பேருந்து நிலையம் 2023 டிசம்பர் 30-இல் திறந்தது. எதிரே ஜி.எஸ்.டி. சாலை, அதைத் தாண்டினால் தண்டவாளம், மின்சார ரயில்கள் நாள் முழுக்கக் கண் முன்னால் ஓடுகின்றன; திறந்த அன்றைக்கு அங்கே ஒரு ரயில் நிறுத்தம் கிடையாது. வண்டலூரிலோ ஊரப்பாக்கத்திலோ போய்த்தான் ஏறவேண்டியிருந்தது. தென் மாவட்டத்துச் சனங்கள் எல்லாரையும் கொண்டுவந்து இறக்கும் இடத்தில் முதலில் ரயில், பிறகு பஸ் நிலையம் என்றுதானே இருந்திருக்க வேண்டும்? மாறிப்போன அந்த வரிசையின் பாரத்தைத்தான் அந்த அம்மா இடுப்பில் சுமந்து நடக்கிறார்.

நகரம் பெருத்துவிட்டது, பஸ்ஸெல்லாம் உள்ளே வந்தால் தாங்காது என்கிறார்கள். சரி, ஒப்புக்கொள்கிறேன். நிலையத்தை வெளியே கொண்டுபோங்கள். போர்டை ஏன் பழைய இடத்திலேயே விட்டீர்கள்? "சென்னை பஸ்" என்றால் ஒரு காலத்தில் பிராட்வே. 2002-க்குப் பிறகு கோயம்பேடு. இருபது வருஷத்துக்கு மேல் சனங்கள் மனதில் சென்னை பஸ் என்றால் கோயம்பேடுதான். ஆந்திரா பக்கம் போகிற வண்டிகள் 2018-இல் மாதவரத்துக்குப் போயின. தெற்கே கிளாம்பாக்கம். மேற்கே குத்தம்பாக்கம் என்று ஒன்று. இத்தனை வாசல் வைத்த வீட்டுக்கு ஒரே முகவரி எழுதினால் வருகிறவன் எந்த வாசலில் நிற்பான்?

இதில் ரயில்வேயைப் பார்த்தாவது கற்றுக்கொண்டிருக்கலாம். சென்ட்ரலுக்கும் எழும்பூருக்கும் நடுவில் இரண்டு கிலோமீட்டர்தான். அதற்கே சென்னை சென்ட்ரல், சென்னை எழும்பூர், சென்னை கடற்கரை என்று ஒவ்வொன்றுக்கும் பின்னொட்டு வைத்து, குறியீடும் தனித்தனியாக வைத்திருக்கிறார்கள்: எம்.ஏ.எஸ்., எம்.எஸ்., எம்.எஸ்.பி. தாம்பரத்தோடு நின்றுவிடும் வண்டிக்குத் தாம்பரம், டி.பி.எம். என்றே அச்சாகிறது. அதிலும் ஆட்கள் ஏமாறுகிறார்கள், ஏனென்றால் எம்.ஏ.எஸ்.ஸுக்கும் எம்.எஸ்.ஸுக்கும் ஓர் எழுத்துத்தான் வித்தியாசம். டிக்கெட் எடுத்த கையோடு ஊர்ப் பெயரை விட்டுவிட்டு அந்தக் குறியீட்டைப் பாருங்கள். எழும்பூரில் ஏறுவதாகப் பதிந்துவிட்டுத் தாம்பரத்தில் ஏறப்போகிறீர்கள் என்றால் ஏறுமிடத்தை முன்கூட்டியே மாற்றிவிடுங்கள். மாற்றாமல் போய் நின்றால் உங்கள் பெர்த்தில், உட்கார மட்டும் இடம் கிடைத்திருந்த ஆர்.ஏ.சி. ஆள் படுத்திருப்பார், வாதாடிப் பிரயோசனம் இல்லை. இரண்டு கிலோமீட்டருக்கு இத்தனை கவனம் வைக்க முடிகிறது. முப்பது கிலோமீட்டருக்கு ஒரு பின்னொட்டு வைக்க முடியவில்லை!

பஸ்ஸிலாவது நஷ்டம் ஒரு விடியற்காலையோடு போயிற்று. நில விற்பனையில் இதே வித்தை ஆயுள் சேமிப்பைத் தின்கிறது. "சென்னைக்கு மிக அருகில்." இந்த மூன்று வார்த்தையை எத்தனை பேனரில் பார்த்திருப்பீர்கள்? மதுராந்தகம் சென்னையிலிருந்து ஏறத்தாழ 80 கி.மீ., அதற்கும் அந்தப் பக்கம் அச்சிறுப்பாக்கம். அங்கே கல் நட்டு, கொடி கட்டி, வேன் வைத்து ஞாயிற்றுக்கிழமை கூட்டிக்கொண்டு போய், பிரியாணி போட்டு, சென்னை மனை என்று விற்கிறார்கள். தூரத்தைக் கிலோமீட்டரில் சொல்லமாட்டார்கள், நிமிஷத்தில்தான் சொல்வார்கள். அந்த நிமிஷம் ராத்திரி இரண்டு மணிக்குக் காலி ரோட்டில் கார் பறந்தால் ஆகிற நிமிஷம்.

இந்த ஏமாற்றை உடைக்க ஒரு காகிதம் போதும். நோட்டீஸைத் தூக்கிப் போடுங்கள், கிரயப் பத்திர வரைவைக் கேளுங்கள். அதன் கடைசிப் பக்கங்களில் சொத்து விவரம் இருக்கும். அங்கே மாவட்டம், வட்டம், கிராமம், சர்வே எண், நான்கு எல்லை எழுதியிருக்கும். நோட்டீஸில் பதினைந்து இடத்தில் இருக்கிற சென்னை அங்கே ஒரு இடத்தில்கூட இருக்காது. "செங்கல்பட்டு மாவட்டம், மதுராந்தகம் வட்டம்" என்றுதான் இருக்கும், ஏனென்றால் பதிவாளர் முன்னால் பொய் எழுத முடியாது. வரைவைக் காட்டத் தயங்கினால் அங்கேயே வேனை விட்டு இறங்கிவிடுங்கள். காட்டினால், சர்வே எண்ணை வைத்து அரசு இணையதளத்தில் பட்டா, சிட்டா பாருங்கள்; அதே எண்ணுக்கு 30 வருஷத்துக்காவது வில்லங்கச் சான்று போடுங்கள்; மனைப்பிரிவு ஒப்புதல் சி.எம்.டி.ஏ. கொடுத்ததா, நகர் ஊரமைப்பு இயக்ககமான டி.டி.சி.பி. கொடுத்ததா என்று எண்ணோடு கேளுங்கள். 500 சதுர மீட்டருக்கு மேல் போட்ட மனைப்பிரிவென்றால் ரெரா, அதாவது மனை விற்பனையைக் கண்காணிக்கும் ஒழுங்குமுறை ஆணையத்தின் பதிவு எண் கட்டாயம். அட்வான்ஸ் கொடுத்த பிறகு இதையெல்லாம் பார்த்தால் பாதிப் பணம் அவன் பையில் போய்விட்டிருக்கும்.

இதில் இன்னொரு குழி இருக்கிறது. பழைய பல்லாவரம், தாம்பரம் பத்திரங்களில் "சென்னை தெற்கு பதிவு மாவட்டம்" என்று இருக்கும், அதே பத்திரத்தில் இன்னொரு வரியில் "காஞ்சிபுரம் மாவட்டம்" என்றும் இருக்கும். பதிவு மாவட்டம் வேறு, வருவாய் மாவட்டம் வேறு. முதல் வரியை மட்டும் விரலால் தொட்டுக் காட்டி "பாருங்க சார், சென்னைதான்" என்பார்கள். தொலைபேசிக்கு 044 என்பார்கள். காஞ்சிபுரத்துக்கும் திருவள்ளூருக்கும்கூட 044தான்.

விற்கிறவனை மட்டும் திட்டி என்ன பண்ண? அளவுகோலே ஊருக்குள் நாலைந்து இருக்கிறது. 2011-இல் மாநகராட்சியை 174 சதுர கி.மீ.யிலிருந்து 426-க்கு விரித்தார்கள். அம்பத்தூர், ஆலந்தூர், மாதவரம், திருவொற்றியூர் எல்லாம் உள்ளே வந்தன. மாவட்டத்தை விரிக்க மறந்துவிட்டு 2018-இல்தான் விரித்தார்கள். நடுவில் ஏழு வருஷம் அம்பத்தூர்க்காரர் சொத்து வரி கட்டியது சென்னை மாநகராட்சிக்கு, கலெக்டரைப் பார்க்கப் போனது திருவள்ளூருக்கு. சோழிங்கநல்லூர்க்காரர் காஞ்சிபுரத்துக்கு! ஒரு சாதிச் சான்றுக்கும் வாரிசுச் சான்றுக்கும் எந்த ஊர் ஆபீஸ் வாசலில் நிற்பது என்று தெரியாமல் ஒரு தலைமுறைப் பிள்ளைகளின் அட்மிஷன் நேரம் போயிற்று. சென்னைப் பெருநகரப் பகுதியோ 1,189 சதுர கி.மீ.யாக இருந்தது, 2022-இல் 5,904 ஆக விரிக்க அரசாணை வந்தது, ராணிப்பேட்டை மாவட்டத்தின் அரக்கோணம் பக்கம் வரைக்கும். அரசாணை வந்த வாரமே மனை பேனர்களும் மாறின. தண்ணீர்க் குழாயும் மழைநீர் வடிகாலும் அந்த வேகத்தில் போயிருந்தால் பெயரைக் கொஞ்சம் பொறுத்துக்கொள்ளலாம். பெயர் மட்டும்தான் முதலில் போகிறது.

பழைய பெயரிலும் இதே கதைதான், அது இன்னும் ரணம். 1969 ஜனவரி 14 வரைக்கும் மதராஸ் என்பது ஊர் மட்டும் இல்லை, மாநிலத்துக்கும் அதே பெயர். அதற்கு முன்னால் மாகாணம். மலபாரும் பெல்லாரியும் விசாகப்பட்டினமும் அதற்குள். 1860 நவம்பரில் கரும்புத் தோட்டத்துக்கு ஒப்பந்தக் கூலிகளை ஏற்றிக்கொண்டு தென்னாப்பிரிக்காவின் டர்பனுக்குப் போய்ச் சேர்ந்த ட்ரூரோ கப்பல் புறப்பட்டது மதராஸ் துறைமுகத்திலிருந்து. 1903 முதல் ஃபிஜிக்கும் அங்கிருந்து ஆட்களை ஏற்றினார்கள். அந்தக் கரும்புத் தோட்டக் கூலிகளின் கொள்ளுப்பேத்திகள் இன்றைக்கு "எங்க ஊர் மெட்ராஸ்" என்ற ஒற்றைச் சொல்லை மட்டும் வைத்துக்கொண்டு சென்னையில் வந்து இறங்குகிறார்கள். மயிலாப்பூரிலும் ஜார்ஜ் டவுனிலும் வேர் தேடி அலைகிறார்கள். அவர்கள் ஊர் வட ஆற்காட்டில் இருக்கலாம், விசாகப்பட்டினம் ஜில்லாவில் இருக்கலாம். தாத்தா கப்பல் ஏறிய துறைமுகத்தை அவர் பிறந்த ஊர் என்று நம்பவைத்துவிட்டது ஒரு பெயர். தேடுகிறவர்கள் கப்பல் பட்டியலில் ஆளின் எண்ணைப் பிடித்து அந்த வரிசையிலேயே ஜில்லா, தாலுகா, கிராமம் என்ற கட்டங்களைப் படியுங்கள். எழுத்து வெள்ளைக்காரக் குமாஸ்தா காதில் விழுந்தபடி இருக்கும், ஆகவே வாய்விட்டுச் சத்தமாகப் படியுங்கள். ஊர் பிடிபட அதுதான் வழி.

அதே மாகாணத்துப் பெயரை வைத்துத்தான் வடக்கே கொச்சிக்காரரையும் ஹூப்ளிக்காரரையும் விஜயவாடாக்காரரையும் ஒரே மூட்டையாகக் கட்டி "மதராசி" என்கிறார்கள். மாகாணம் போய் எத்தனை வருஷம் ஆயிற்று! வாடகைக்கு வீடு கேட்கப் போகிற பையன் காதில் அது இன்னும் விழுகிறது.

1996-இல் ஆங்கிலத்திலும் சென்னை என்று மாற்றினார்களே, அதையாவது முழுசாகச் செய்தார்களா? நாம் தமிழில் எப்போதும் சென்னைப் பல்கலைக்கழகம், சென்னை உயர் நீதிமன்றம் என்றுதான் எழுதுகிறோம். ஆங்கிலத்தில் இரண்டும் இன்னும் மெட்ராஸ். உயர் நீதிமன்றத்தின் பெயரை மாற்ற 2016-இல் மக்களவைக்கு மசோதா வந்தது, அப்படியே காலாவதியாயிற்று. விமான நிலையக் குறியீடு எம்.ஏ.ஏ. பட்டச் சான்றில் மெட்ராஸ், விண்ணப்பப் பட்டியலில் சென்னை, பிறப்புச் சான்றில் மெட்ராஸ், ஆதாரில் சென்னை. வெளிநாட்டுக்குப் படிக்கப் போகிற பிள்ளைகளுக்கு ஒன்று சொல்கிறேன்: சான்றில் என்ன அச்சாகியிருக்கிறதோ அதையே எழுத்துப் பிசகாமல் எழுதுங்கள், நீங்களாகச் சென்னை என்று திருத்தாதீர்கள். அந்தப் பக்கம் உட்கார்ந்து சரிபார்க்கிறவருக்கு இரண்டும் ஒன்று என்று தெரியாது.

கேட்பது பெரிதாக ஒன்றும் இல்லை. போர்டில் "கிளாம்பாக்கம்" பெரிய எழுத்தில், "சென்னை" அதன் கீழே சிறிதாக. முன்பதிவுப் பக்கத்தில் ஊரைத் தட்டியவுடனேயே இறங்குமிடமும் அங்கிருந்து தூரமும். திருச்சியில் வண்டி எடுக்கும்போதே கண்டக்டர் ஒரு தடவை, "கடைசி ஸ்டாப் கிளாம்பாக்கம், கோயம்பேடு போகாது." பெயின்ட் செலவும் ஒரு மூச்சுக் காற்றும்.

டிக்கெட்டிலாவது போட்டிருப்பார்களே, அதைப் பார்க்கவேண்டியதுதானே என்று யாராவது கேட்பீர்கள். அந்த மெஷின் டிக்கெட்டை எடுத்துப் பாருங்கள். சூடு பட்டால் எழுத்து வருகிற தாள் அது, மை கிடையாது. சட்டைப் பையில் வேர்வையோடு நாலு மணி நேரம் இருந்தால் எழுத்து மங்கிவிடும். விழுப்புரம் தாண்டும்போது கட்டணமும் தெரியாது, நேரமும் தெரியாது, ஊரும் தெரியாது. செக்கிங் வந்தால் அந்த வெள்ளைத் தாளைக் காட்டி நாம்தான் கையைப் பிசையவேண்டும். அந்தத் தாளையாவது மாற்றித் தொலையுங்களேன்!