‘ஸிகி’ என்ற பெயருக்குள் ‘காவலர்’ யாரும் இல்லை

‘ஆண், பெண் இருவருக்கும் பொருந்தும் குறும்பான பெயர்’ என்று பெற்றோர் இணையத்தில் தேடும்போது வரும் பெயர்களில் ஒன்று ஸிகி. ஆங்கிலத்தில் இசட் எழுத்தில் தொடங்கி ஒய்யில் முடியும். ஜெர்மனில் எஸ்ஸில் தொடங்கி ஐயில் முடியும். பக்கத்தில் ஒரே வரி விளக்கம் இருக்கும்: மூலம் ஜெர்மானியம், பொருள் ‘வெற்றிக் காவலர்’. வாழ்நாள் முழுக்கப் பிள்ளை சுமக்கப்போகும் பெயருக்கு அந்த ஒரு வரி போதாது. அதில் பாதி தவறும்கூட. இந்தப் பெயர் இருபாலுக்கும் பொருந்துவது இன்றைய நாகரிகம் என்று பலர் நினைக்கிறார்கள். அதன் காரணம் ஆயிரம் ஆண்டுக்கு மேல் பழையது, பெயரின் கட்டுமானத்திலேயே இருக்கிறது. அதைப் புரிந்துகொண்டு வைத்தால் இது அருமையான பெயர். அதற்காகத்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

பழைய ஜெர்மானியப் பெயர்களில் பெரும்பகுதி இரண்டு சொற்களை ஒட்டிச் செய்தவை. முன்சொல்லாக வருபவை வெற்றி, போர், அமைதி, ஓநாய், சொத்து போன்றவை. இவற்றை ஆணுக்கும் வைக்கலாம், பெண்ணுக்கும் வைக்கலாம். பாலைக் காட்டுவது பின்சொல்தான். முண்ட், பெர்ட், ஹார்ட், ரிஷ் என்று முடிந்தால் ஆண். ஹில்ட், குண்ட், லிண்ட், ரூன், ட்ரூட் என்று முடிந்தால் பெண். ஸீக் என்றால் வெற்றி. ஸீக்முண்ட், ஸீக்பெர்ட், ஸீக்ஃப்ரீட் ஆண்கள். ஸீக்லிண்ட, ஸீக்ரூன், ஸிக்ரிட் பெண்கள். நம் ஊரில் தமிழ்ச்செல்வனையும் தமிழ்ச்செல்வியையும் வீட்டில் ‘தமிழ்’ என்று கூப்பிடுகிறோமே, அதே கணக்கு. பின்பாதியை எடுத்துவிட்டால் பாலும் அதோடு போய்விடும்.

‘நீபெலுங்கென்லீட்’ என்ற ஜெர்மன் காவியம் 1200ஆம் ஆண்டையொட்டி எழுதப்பட்டது. அதன் நாயகன் ஸீக்ஃப்ரீட். அப்பா ஸீக்முண்ட், அம்மா ஸீக்லிண்ட, ஊர் ரைன் நதிக்கரையில் உள்ள க்ஸாண்டென். அப்பா, அம்மா, மகன் மூவருக்கும் முன்சொல் ஒன்றே. இன்றைய ஜெர்மன் வீட்டில் இருந்திருந்தால் மூன்று பேரையும் ஸிகி என்றே கூப்பிட்டிருக்கலாம்.

பெயர்ப் பட்டியல்கள் சறுக்குவதும் இங்கேதான். இரண்டு சொல்லையும் சேர்த்து ஒரு வாக்கியம்போலப் பொருள் சொல்லிவிடுகிறார்கள். பழைய ஜெர்மானியர்கள் எப்போதும் அப்படி யோசித்துப் பெயர் வைக்கவில்லை. பெற்றோரின் பெயர்களிலிருந்து ஆளுக்கொரு துண்டை எடுத்து ஒட்டிப் பிள்ளைக்கு வைக்கும் வழக்கம் இருந்தது. அன்றைய ஆங்கிலேயரும் ஜெர்மானிய வழியினரே. 11ஆம் நூற்றாண்டில் இங்கிலாந்தின் வூஸ்டரில் ஆயராக இருந்த புனித வுல்ஃப்ஸ்டனின் அப்பா பெயர் ஏதல்ஸ்டன், அம்மா பெயர் வுல்ஃப்கிஃபு. அம்மாவிடமிருந்து வுல்ஃப், அப்பாவிடமிருந்து ஸ்டன். ‘ஓநாய்க் கல்’ என்று மகனை வர்ணிக்க யாரும் நினைக்கவில்லை. இன்னார் பிள்ளை என்று காட்டவே அந்தப் பெயர். 597இல் இறந்த பிராங்கிய அரசி ஃப்ரெடகுண்டின் பெயரில் முன்பாதி அமைதி, பின்பாதி போர். ஹில்டகுண்ட் என்ற பெயரில் முன்பாதியும் போர், பின்பாதியும் போர். இவற்றை வாக்கியமாக்கினால் என்ன கிடைக்கும்? ஆகவே ‘பெயரின் பொருள்’ என்று தேடும்போது ஒவ்வொரு துண்டுக்கும் என்ன பொருள் என்று மட்டும் பாருங்கள். சேர்த்துப் படிக்காதீர்கள்.

இனி ‘காவலர்’ எங்கிருந்து வந்தார் என்று பார்ப்போம். அவர் முண்ட் என்ற பின்சொல்லுக்குச் சொந்தக்காரர். முண்ட் என்றால் பழைய மொழியில் கை, அதிலிருந்து பாதுகாப்பு. லத்தீனில் கையைக் குறிக்கும் மானுஸ் என்ற சொல்லுக்கு உறவு. இன்றைய ஜெர்மனில் பிள்ளையின் சட்டப்படியான காப்பாளரைக் குறிக்கும் ஃபோர்முண்ட் என்ற சொல்லில் அது இன்னும் வாழ்கிறது. ஜெர்மனில் வாய்க்கும் முண்ட் என்றுதான் பெயர், ஆனால் அது வேறு சொல். ‘வெற்றி வாய்’ என்று எழுதியிருந்தால் அந்தப் பக்கத்தை மூடிவிடலாம். ஆக, ‘வெற்றிக் காவலர்’ என்பது ஸீக்முண்டுக்குச் சொல்லும் விளக்கம். ஸிகி என்று சுருக்கும்போது வெட்டுப்படுவதே அந்த முண்ட்தான். அதுவும், ஸீக்லிண்டவின் சுருக்கமாக ஸிகி வந்திருந்தால் பின்பாதி ‘மென்மை’. ஸிக்ரிட்டின் சுருக்கம் என்றால், ஸ்காண்டிநேவியாவின் பழைய மொழியான பழைய நார்ஸில் பின்பாதி ‘அழகு’. ‘ரிட்’ என்று ஒலிப்பதால் ஆங்கிலத்தில் சவாரியைக் குறிக்கும் ‘ரைட்’ என்று நினைக்க வேண்டாம், குதிரையேற்றத்துக்கும் அதற்கும் சம்பந்தம் இல்லை. ஸீக்ஃப்ரீட் என்றால் ‘அமைதி’, ஸீக்ரூன் என்றால் ‘மறைபொருள்’. இவை எல்லாவற்றிலும் பொதுவாக மிஞ்சுவது ‘வெற்றி’ ஒன்றுதான். ஸிகிக்குச் சொல்லக்கூடிய நேர்மையான பொருளும் அதுவே.

அந்த வெற்றிச் சொல்லுக்கு நம் பக்கத்திலும் ஒரு சொந்தம் உண்டு. ஸீக் என்பதன் மூலமும், சமஸ்கிருதத்தில் வலிமையைக் குறிக்கும் ‘ஸஹஸ்’ என்பதன் மூலமும் ஒரே இந்தோ ஐரோப்பியச் சொல். ஸஹஸிலிருந்து ஸாஹஸம், அதுதான் தமிழுக்குள் வந்த சாகசம்.

பின்பாதியை வெட்டியவுடனே இருபால் பெயர் கிடைத்துவிடவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். இன்றைய ஜெர்மனின் முன்னோடியான பழைய உயர்ஜெர்மனில் சுருக்கிய பெயருக்கு ஆண் என்றால் ஓகாரமும் பெண் என்றால் ஆகாரமும் ஒட்டினார்கள். சொத்து என்ற பொருள் கொண்ட ஒரே வேரிலிருந்து ஆணுக்கு ஓட்டோ, பெண்ணுக்கு ஓடா. வெட்டி எறிந்த பால் விகுதியை வால் வழியாகத் திரும்பக் கொண்டுவந்த மாதிரி. ஐஸ்லாந்தில் இன்றும் அப்படித்தான்: ஸிகுர்தூர் என்ற ஆணின் செல்லப்பெயர் ஸிகி, ஸிக்ரீதூர் என்ற பெண்ணின் செல்லப்பெயர் ஸிகா. ஐஸ்லாந்துக்காரரிடம் பெண் குழந்தைக்கு ஸிகி என்று சொன்னால் அது ஆண் பெயராயிற்றே என்பார். சட்டம் அங்கே 2019இல் மாறிவிட்டது, பெயருக்குப் பால் பார்ப்பதில்லை. காது மாற இன்னும் நாளாகும்.

ஜெர்மனில் அந்த முடிச்சை அவிழ்த்தது இகர ஈறு. தெற்கு ஜெர்மன் பேச்சிலும் சுவிஸ் பேச்சிலும் எதையும் சின்னதாக, செல்லமாகச் சொல்ல இகரம் சேர்ப்பார்கள். செல்லச் சொற்களுக்கு ஜெர்மன் இலக்கணத்தில் ஆண்பாலும் இல்லை, பெண்பாலும் இல்லை, மூன்றாம் பாலான அஃறிணை. சுவிஸ் கிராமத்துப் பேச்சில் ஹைடி என்ற பெண்ணின் பெயருக்கு முன்னால்கூட அந்த மூன்றாம் பாலின் சுட்டுதான் வரும். பாலைக் காட்டிய பின்பாதி போய், பாலைக் காட்டாத இகரம் வந்து ஒட்டியதும் ஸிகி எல்லோருக்கும் பொதுவாகிவிட்டது. ஊலி என்ற பெயரும் (ஊல்ரிஷ் என்ற ஆண், ஊல்ரிக என்ற பெண்) இதே வழியில் வந்தது. இந்த வரலாறுதான் எனக்கு ‘வெற்றிக் காவலர்’ என்பதைவிடப் பல மடங்கு அழகாகத் தெரிகிறது. பிள்ளை வளர்ந்து கேட்டால் சொல்லத் தகுந்ததும் இதுவே.

ஆங்கில வடிவத்துக்கு வேறு வரலாறு. அங்கே இது குறும்பான, பால் கடந்த பெயர் என்று தோன்றுவதற்கு முக்கியக் காரணம் 1972இல் ஆங்கிலப் பாடகர் டேவிட் போவி மேடையில் உருவாக்கிய ஸிகி ஸ்டார்டஸ்ட் என்ற பாத்திரம்: செந்நிற முடி, முகப்பூச்சு, ஆணா பெண்ணா என்று பார்ப்பவரைத் திகைக்க வைக்கும் உடை. அதோடு, ஆங்கில உலகத்து ஸிகிகள் எல்லோரும் ஜெர்மானிய வழி வந்தவர்களும் இல்லை. ஜமைக்கா இசைக்கலைஞர் ஸிகி மார்லியின் இயற்பெயர் டேவிட். அமெரிக்கக் கால்பந்தாட்டத்தில் ஆடிய கானா நாட்டு ஸிகி ஆன்சாவின் பெயர் எஸக்கியேல், அது எபிரேயம். ஆகவே ‘மூலம் ஜெர்மானியம்’ என்பதும் எந்த ஸிகி என்று பார்த்துச் சொல்ல வேண்டிய விஷயம்.

ஜெர்மனியில் காதுக்கு எப்படிப் படும்? அங்கே ஸிகி என்றதும் தாத்தா வயது ஆண்தான் பலருக்கு நினைவுக்கு வருவார். 1966 உலகக் கோப்பைக் கால்பந்து இறுதிப் போட்டியில் ஆடிய ஸீக்ஃப்ரீட் ஹெல்டை ரசிகர்கள் ஸிகி ஹெல்ட் என்றே அழைத்தார்கள். லண்டனில் துள்ளலாகக் கேட்கும் பெயர் டோர்ட்முண்டில் அந்தத் தலைமுறையின் பெயர். இதை நான் குறையாகக் கருதவில்லை. ஃப்ரிட்ஸி, ஓட்டோ, ஈடா போன்ற தாத்தா பாட்டி காலத்துப் பெயர்கள் அங்கே திரும்பி வந்திருக்கின்றன.

ஆனால் ஒரு நிழலை மறைக்கக் கூடாது. ஸீக் என்ற சொல்லை நாஜிகள் தங்கள் முழக்கத்தில் வைத்துக் கெடுத்தார்கள். அந்த முழக்கம் இன்று ஜெர்மனியில் குற்றம். ஸீக்ஃப்ரீட், ஸீக்லிண்ட என்ற முழுப் பெயரைப் புதிதாகப் பிறந்த குழந்தைக்கு வைத்தால் சிலர் புருவத்தை உயர்த்தலாம். ஸிகிக்கு அந்தச் சிக்கல் மிகக் குறைவு, ஏனென்றால் உச்சரிப்பிலேயே நீண்ட ஸீ குறுகிவிட்டது. சில பக்கங்களில் ‘ஸிக் ரூன் எழுத்து வெற்றியின் சின்னம்’ என்று அலங்காரமாக எழுதி, மின்னல் போன்ற எழுத்தை வரைந்து வைத்திருக்கிறார்கள். ரூன் என்பது ஜெர்மானியர்களின் பழைய எழுத்து முறை. அந்த எழுத்தின் பழைய பெயர் சூரியனைக் குறிப்பது. அதற்கு வெற்றி என்று பொருள் ஏற்றியவர் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கிடோ ஃபான் லிஸ்ட் என்ற ஆஸ்திரியர். அதை இரட்டையாக எழுதித் தன் சின்னமாக வைத்துக்கொண்டது நாஜிகளின் எஸ்எஸ் படை. பிள்ளையின் தொட்டிலிலோ அழைப்பிதழிலோ தயவுசெய்து அதைப் போட்டுவிடாதீர்கள்.

ஜெர்மனியில் வாழும் நம்மவர்களுக்குச் சட்டப் பக்கம். பிறப்பை ஒரு வாரத்துக்குள் ஸ்டாண்டஸாம்ட் என்ற பதிவு அலுவலகத்தில் தெரிவிக்க வேண்டும். பெயர் முடிவாகாவிட்டால் அதற்கு மட்டும் ஒரு மாதம் வரை நேரம் உண்டு. அவசரப்பட வேண்டாம், அந்த மாதத்தைப் பயன்படுத்துங்கள். பின்னால் பெயர் மாற்றுவது அங்கே லேசான காரியம் இல்லை. முன்பெல்லாம் பெயரிலிருந்து பால் தெரியாவிட்டால் பாலைக் காட்டும் இரண்டாவது பெயர் ஒன்றையும் கேட்பார்கள். அதை நிறுத்தியது ஓர் இந்தியப் பெயர். தங்கள் மகளுக்குக் கிரண் என்று மட்டும் வைக்க விரும்பிய பெற்றோர் கார்ல்ஸ்ரூவில் உள்ள அரசியல் சாசன நீதிமன்றம் வரை போனார்கள். பெயர் பாலைக் காட்ட வேண்டும் என்று எந்தச் சட்டமும் இல்லை, பிள்ளையின் நலன் கெடாதவரை பெற்றோர் விருப்பமே செல்லும் என்று 2008 டிசம்பர் 5 அன்று தீர்ப்பு வந்தது. எனவே ஸிகி என்று மட்டுமே பதிவு செய்யலாம். பதிவாளர் தயங்கினால் வீஸ்பாடெனில் உள்ள ஜெர்மன் மொழிச் சங்கத்திலோ லைப்ஸிக் பல்கலைக்கழகப் பெயர் ஆலோசனை மையத்திலோ கட்டணம் செலுத்திச் சான்று வாங்கலாம். தமிழ்ப் பெயர்களுக்கும் இந்த வழி உதவும்.

முழுப் பெயரைச் சான்றிதழில் வைத்து ஸிகியை வீட்டுக்கு மட்டும் வைத்துக்கொள்ளலாமா? என் கருத்து, வேண்டாம். முழுப் பெயர் என்று வந்தவுடன் பின்சொல் வரும், பால் வரும், 1930களின் சாயலும் வரும். எதற்காக இந்தப் பெயரைத் தேர்ந்தெடுத்தோமோ அது அத்தனையும் போய்விடும்.

எழுத்துக்கூட்டலில்தான் பெரும்பாலும் தொல்லை. ஜெர்மனில் சொல்லின் தொடக்கத்தில் உயிரெழுத்துக்கு முன் வரும் எஸ், ஆங்கில இசட் போல ஒலிக்கும். அதனால் ஜெர்மன் எஸ் வடிவமும் ஆங்கில இசட் வடிவமும் காதுக்கு ஏறக்குறைய ஒன்றே. ஆனால் ஆங்கில வடிவத்தை ஜெர்மனியில் பதிவு செய்தால் அங்கே இசட் ‘ட்ஸ்’ என்று ஒலிக்கும். ஆசிரியர் ‘ட்ஸிகி’ என்று கூப்பிடுவார். சுவிஸ் பேச்சில் அது சிகரெட்! ஆகவே ஜெர்மன் பேசும் நாட்டில் எஸ், ஆங்கிலம் பேசும் நாட்டில் இசட். நடுவில் ஜி எழுத்து இரண்டு இருக்கட்டும், ஒன்று மட்டும் இருந்தால் ‘ஸீகி’ என்று நீட்டிப் படிப்பார்கள். தமிழில் நேர் எதிர்: இரண்டு ஜி இருக்கிறதே என்று க்கி போட்டால் ‘ஸிக்கி’ ஆகிவிடும். ஒற்றைக் கி போட்டு ஸிகி என்று எழுதினால் ஒலி சரியாக வரும்.

வெற்றிச் சொல்லின் நிழல் உறுத்துகிறது என்பவர்களுக்கு அதே ஜெர்மானிய மரபில் வேறு இருபால் பெயர்களும் உண்டு. ஊலியில் இருப்பது பரம்பரை நிலம் என்ற சொல். ஃப்ரீடெல் என்பதில் அமைதி. ஐக என்ற வடக்கு ஜெர்மன் பெயரில் வாளின் கூர்முனை. 13ஆம் நூற்றாண்டில் ஸாக்ஸன் சட்டங்களைத் தொகுத்த ஐக ஃபான் ரெப்கோ ஆண், இன்று பெண்களுக்கும் வைக்கிறார்கள். டோனி, அலெக்ஸ், காபி (கப்ரியேலின் சுருக்கம்) ஆகியவற்றை இந்தப் பட்டியலில் சேர்க்க வேண்டாம். ஜெர்மனியில் தெருவுக்குத் தெரு கேட்டாலும் முதலாவது லத்தீன், இரண்டாவது கிரேக்கம், மூன்றாவது எபிரேயம்.