பேச்சால் முடிந்த கதையைக் கரண்ட்டால் முடித்தார்கள்

நைஜல் நீல் என்ற பெயரை நம்மில் பலர் கேள்விப்பட்டிருக்க மாட்டோம். பிரிட்டிஷ் தொலைக்காட்சிக்கு எழுதியவர்களில் என் மனசுக்கு மிக நெருக்கமானவர் அவர். அவருக்கு நடந்தது அநியாயம் என்பதே என் ஆதங்கம்.

ஐல் ஆஃப் மேன் தீவில் வளர்ந்தவர். லண்டனில் ராடா என்ற நடிப்புக் கல்லூரியில் படித்து, கொஞ்ச காலம் மேடையேறியவர். சிறுகதைகளுக்காக 1950இல் சாமர்செட் மாம் விருது வாங்கினார். அப்புறம் பிபிசியில் சம்பளத்துக்கு எழுத்தாளராகச் சேர்ந்தார்.

1953 கோடையில் அவர் எழுதிய ஆறு வாரத் தொடர் ‘தி குவாட்டர்மாஸ் எக்ஸ்பெரிமென்ட்’. பேராசிரியர் குவாட்டர்மாஸ் அனுப்பும் ராக்கெட்டில் விண்வெளிக்கு மூன்று பேர் போகிறார்கள். ராக்கெட் விழுந்து திறந்தால் ஒருவர்தான் இருக்கிறார். மற்ற இருவரும் அவருக்குள் கரைந்துவிட்டார்கள். அவரும் கொஞ்சம் கொஞ்சமாக வேறொன்றாக மாறுகிறார். அலெக்சாண்ட்ரா பேலஸ் ஸ்டுடியோவிலிருந்து எல்லாம் நேரலை. இயக்கியவர் ரூடால்ஃப் கார்டியர்.

கடைசி வாரம், அவர் மாறிப்போன அந்த ஜந்து லண்டனின் வெஸ்ட்மின்ஸ்டர் அபே தேவாலயத்துக்குள் படர்ந்து நிற்கும். அதே வருஷம் ஜூன் 2ஆம் தேதிதான் அதே அபேயில் எலிசபெத் ராணியின் முடிசூட்டு விழா. அதைப் பார்ப்பதற்கென்றே டிவி வாங்கிய வீடுகள் ஏராளம். அதே திரையில், அதே இடத்தில் இப்படி ஒன்றைக் காட்ட எவ்வளவு துணிச்சல் வேண்டும்! செலவழிக்கவோ பணமில்லை. அபேயின் புகைப்படத்தைப் பெரிதாக்கி, அதில் துளை போட்டு, செடிகொடி ஒட்டிய கையுறையோடு கைகளை நுழைத்து அசைத்தது யார் தெரியுமா? நீலேதான். எழுதியவரே ஜந்துவாகவும் நடித்தார்.

அதைக் குண்டு போட்டுக் கொல்லவில்லை அவர். பேராசிரியர் குவாட்டர்மாஸ் அதன் முன்னால் போய் நின்று, உள்ளே மிச்சமிருக்கும் அந்த மூன்று மனிதர்களிடம் பேசுகிறார், மன்றாடுகிறார். அவர்கள் தங்கள் மன உறுதியால் அதை அழித்து, தாங்களும் அழிகிறார்கள். மேடையில் நின்று பழகியவருக்குத்தான் ஒரு குரலின் மேல் இவ்வளவு நம்பிக்கை வரும் என்று நினைக்கிறேன். எனக்குத் தெரிந்த விண்வெளிக் கதைகளில் இதைவிட உயர்ந்த முடிவு இல்லை.

1955இல் ஹேமர் நிறுவனம் இதைப் படமாக்கியது. பேச்சையெல்லாம் தூக்கிவிட்டு, ஜந்துவுக்கு மின்சாரம் பாய்ச்சிக் கொன்றார்கள். குவாட்டர்மாஸாக வந்த அமெரிக்க நடிகர் பிரையன் டான்லெவியை நீலுக்குக் கடைசிவரை பிடிக்கவில்லை. பிபிசி ஊழியர் என்பதால், உரிமை விற்ற பணத்திலும் அப்போது அவருக்குப் பங்கில்லை.

இதில் என்னால் தாங்க முடியாதது ஒன்று உண்டு. அந்தப் படம் முழுசாக இருக்கிறது. தொடரில் முதல் இரண்டு பகுதிகளைத்தான் பதிவு செய்தார்கள். தரம் சரியில்லை என்று மீதியை விட்டுவிட்டார்கள். அந்த மன்றாடலை, தொடரில் குவாட்டர்மாஸாக நடித்த ரெஜினால்ட் டேட்டின் குரலில், இனி யாரும் கேட்க முடியாது.

2005இல் பிபிசி இதையே மறுபடி நேரலையாக நடத்தியபோது, பேசி முடிக்கும் அந்த முடிவையே வைத்தார்கள். நீல் அப்போது உயிரோடு இருந்தார்; அடுத்த வருஷம் காலமானார். 1953 தொடரின் வசனப் பிரதி பெங்குயின் புத்தகமாக வந்திருக்கிறது. கிடைத்தால் ஆறாவது பகுதியை வாய்விட்டுப் படியுங்கள்.