அறுபது நாளும் ஆறு மாதமும்

மாமாவின் செக் வழக்கில் பேக்டரிக்காரர்கள் விடுதலையானது 2019 ஜூலை கடைசியில். கோத்தகிரிப் பக்கம் எங்களுக்கு ஒன்றரை ஏக்கர் தேயிலை. பசுந்தேயிலை வாங்கிய தனியார் பேக்டரி, மூன்று மாதப் பாக்கிக்கு 86,000 ரூபாய் செக் கொடுத்தது. பணமில்லை என்று திரும்பியது. செக் திரும்பினால் சட்டப்படி 30 நாளுக்குள் நோட்டீஸ், அவர்கள் கட்ட 15 நாள், அப்புறம் ஒரு மாதத்துக்குள் கோர்ட்டில் புகார். எந்தக் கணக்கிலும் மாமா தவறவில்லை. வழக்கில் பேக்டரிக் கம்பெனி முதல் எதிரி, கையெழுத்துப் போட்ட இயக்குநர் இரண்டாம் எதிரி. (கம்பெனியை விட்டுவிட்டு இயக்குநரை மட்டும் சேர்த்தால் வழக்கு நிற்காது என்று உச்ச நீதிமன்றம் 2012-ல் சொல்லிவிட்டது. நிறையப் பேர் விழுகிற பள்ளம் அது.)

மூன்று வருட வாய்தாவுக்குப் பிறகு விடுதலை. காரணம், நோட்டீஸ் 'கதவு பூட்டியிருந்தது' என்று திரும்பியதாம். சரியான முகவரிக்குப் பதிவுத் தபாலில் போட்டிருந்தால் சேர்ந்ததாகவே கொள்ளலாம் என்பது 2007-லேயே உச்ச நீதிமன்றம் சொன்னது. மேல்முறையீட்டுக்கு நல்ல கேஸ்தான்.

ஆனால் தனியார் புகாரில் விடுதலை என்றால் நேராக மேல்முறையீடு கிடையாது. உயர் நீதிமன்றத்தில் சிறப்பு அனுமதி வாங்க வேண்டும், அதுவும் 60 நாளுக்குள். நீலகிரிக்கு அது சென்னையில், கொடைக்கானல்காரர்களுக்கு மதுரைக் கிளை. அந்த ஆகஸ்டில் எங்கள் நீலகிரியின் அவலாஞ்சியில் ஒரே நாளில் 80 செ.மீ.க்கு மேல் மழை கொட்டியது நினைவிருக்கும். நகல் மனு போட்டு, சான்றிட்ட நகல் கைக்கு வந்து, அதை ரேஷன் கார்டு வைக்கிற பிளாஸ்டிக் கவரில் போட்டுக்கொண்டு மாமா மேட்டுப்பாளையத்தில் ரயிலேறியபோது, நகல் வாங்கிய நாட்களைக் கழித்தும் கெடு தாண்டியிருந்தது. தாமதத்தை மன்னிக்கச் சொல்லி மனு போடலாம், சட்டத்தில் வழி உண்டு. அதற்கும் அனுமதி மனுவுக்கும் சேர்த்து வக்கீல் சொன்ன தொகையைக் கேட்டுவிட்டு மாமா அன்று ராத்திரியே ஊருக்கு ரயிலேறிவிட்டார்.

என் ஆத்திரம் கெடு இருப்பதில் இல்லை. விடுதலையானவன் தலைமேல் காலமெல்லாம் கத்தி தொங்கக் கூடாது. விடுதலைக்குப் பிறகு ஒருவர் நிரபராதி என்ற அனுமானம் இரட்டிப்பாகிறது என்று நீதிமன்றங்கள் சொல்வதும் நியாயமே.

ஆத்திரம் இதில்: புகார் கொடுத்தவர் அரசு ஊழியர் என்றால் அதே அனுமதி கேட்க ஆறு மாதம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 378-வது பிரிவில் இருந்தது, 2024 ஜூலையில் அதன் இடத்துக்கு வந்த புதிய சட்டத்தின் 419-லும் அப்படியே உட்கார்ந்திருக்கிறது. கோவையில் இருக்கும் அரசு அதிகாரியான கம்பெனிப் பதிவாளர் போட்ட வழக்கில் விடுதலை என்றால், மத்திய அரசு கம்பெனி வழக்குகளுக்கென்று தான் நியமித்த வழக்கறிஞரையே மேல்முறையீடு செய்யச் சொல்லலாம். கம்பெனிச் சட்டம் 444-வது பிரிவு அதற்கென்றே இருக்கிறது. அதே சட்டத்தின் 439-ன்படி பங்குதாரரும் புகார் கொடுக்கலாம். எங்கள் பக்கம் உற்பத்தியாளர் நிறுவனங்களில் பங்கு வைத்திருக்கும் சிறு விவசாயிகள் இருக்கிறார்கள். அவர்களில் ஒருவர் துணிந்து வழக்குப் போட்டுத் தோற்றால் அவருக்கு அறுபது நாள்தான். ஆபீஸ், குமாஸ்தா, சம்பள வக்கீல் எல்லாம் வைத்திருப்பவருக்கு நூற்றெண்பது நாள், இலை பறித்துவிட்டு வருபவருக்கு மூன்றில் ஒரு பங்கு. கோப்பு மேசை மேசையாக நகர வேண்டும் என்பார்கள். சரி, மலையிலிருந்து மனுஷன் நகர வேண்டாமா?

2025 ஏப்ரலில் செலஸ்டியம் பைனான்சியல் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒரு கதவைத் திறந்தது. செக் வழக்கில் புகார்தாரரும் பாதிக்கப்பட்டவரே, சிறப்பு அனுமதி இல்லாமல் மேல்முறையீடு செய்யலாம் என்றது. மாஜிஸ்திரேட் தீர்ப்பென்றால் செஷன்ஸ் கோர்ட், அதாவது ஊட்டி. ஆனால் அந்த உரிமையைத் தரும் பிரிவில் எத்தனை நாளுக்குள் என்று எழுதவே இல்லை. எல்லாருக்கும் ஒரே கணக்கு, தொண்ணூறு நாள் என்று எழுதிவிட்டால் என்ன?

போன வாரம் மாமாவிடம் இதைச் சொன்னேன். கவாத்துக் கத்தியைத் தீட்டிக்கொண்டிருந்தார்.

"ஊட்டிக்கா? காலையில போய்ட்டு மத்தியானச் சாப்பாட்டுக்கு வந்துரலாமே."

"ஆமாம் மாமா."

"அந்தக் கவர் உங்க அத்தைகிட்டதான் இருக்கும், கேளு" என்றார்.