என் டெபாசிட்டைக் கொடுக்க உங்களுக்கு என்ன வலிக்கிறது?

அரசு வேலை எடுக்கும் ஒப்பந்ததாரர்கள் நாங்கள். வேலை முடிக்கத் தாமதித்தால் அபராதம். மணல் கிடைக்கவில்லை, மழை விடவில்லை என்று எதைச் சொன்னாலும் பில்லில் பிடித்துவிட்டுத்தான் மறுபேச்சு. வேலைக்குப் பிணையாக நாங்கள் கொடுத்த டெபாசிட்டை வருடக்கணக்கில் முடக்கிவைத்தால் அரசுத் துறைக்கு என்ன அபராதம்? ஒன்றும் கிடையாது. வைப்புத் தொகைக்கு வட்டி இல்லை என்று ஒப்பந்தத்திலேயே எழுதி வாங்கிவிடுகிறார்கள்.

நான் கட்டியது ஓர் அரசுத் துறைக்கான பள்ளி வகுப்பறைகள். எம்.புக் என்கிற அளவுப் புத்தகத்தில் அளவு ஏறி, இறுதி பில்லும் பாஸாகிவிட்டது. குறை தெரிந்தால் நாங்களே சரிசெய்துதர வேண்டிய குறைபாடு பொறுப்புக் காலம் முடியும்வரை டெபாசிட் அவர்களிடம் இருப்பது நியாயம்தான். அந்தக் காலமும் முடிந்தது. சுவரில் விரிசல் இல்லை, கூரை ஒழுகவில்லை. அப்புறம்தான் கூத்து. அளவெடுத்த ஏ.ஈ. (உதவிப் பொறியாளர்) மாறுதலில் போய்விட்டார். புதிதாக வந்தவர், "என் காலத்து வேலை இல்லையே, நான் எப்படிக் கையெழுத்துப் போடுவது?" என்கிறார். கணக்குப் பிரிவில் தணிக்கை ஆட்சேபமாம். என்ன ஆட்சேபம் என்றால் ஃபைல் மேலே போயிருக்கிறதாம். இன்னொருவர் நிதி இல்லை என்கிறார். அய்யா, அது என் பணம்! நான் கட்டியதும் என் பில்லில் நீங்கள் பிடித்ததும் எப்படித் தீர்ந்துபோகும்?

டெபாசிட்டுக்குப் பதில், தேவைப்பட்டால் வங்கியே பணம் தரும் என்ற வங்கி உத்தரவாதம் கொடுத்தவர் கதை தெரியுமா? அது காலாவதியாகும் முன்பே, "நீட்டித்துக் கொடு, இல்லையென்றால் பணமாகக் கொடு" என்று துறையிலிருந்து வங்கிக்குக் கடிதம் பறக்கிறது. அந்த ஃபைல் மட்டும் தொலைவதே இல்லை.

கோர்ட்டுக்குப் போகலாம் என்றால், அரசு மீது வழக்குப் போட உரிமையியல் நடைமுறைச் சட்டம் 80-ஆம் பிரிவுப்படி முதலில் நோட்டீஸ், பிறகு 2 மாதம் காத்திருப்பு. தமிழ்நாட்டில் கேட்கும் தொகையில் 3 சதவீதம் கோர்ட் கட்டணம். 2017-க்கு முன்பு 7.5 சதவீதமாக இருந்தது, அந்த வகையில் நாங்கள் கொடுத்துவைத்தவர்கள்! ஹைகோர்ட்டில் ரிட் போட்டவர்களுக்குப் பெரும்பாலும் கிடைப்பது, "மனுவைப் பரிசீலித்து இத்தனை வாரத்தில் முடிவெடுக்கவும்" என்ற உத்தரவு. துறை பரிசீலித்து நிராகரித்தாலும் உத்தரவை நிறைவேற்றியதாகத்தான் கணக்கு. நயமாகக் கேட்டுக்கொண்டே 3 வருடத்தைக் கடத்திவிட்டால் வழக்குப் போடும் காலவரம்பு முடிந்தது என்பார்கள்.

நான் சிவில் வழக்குத்தான் போட்டிருக்கிறேன். பதிலுரை தாக்கல் செய்ய அரசு வக்கீல் அவகாசம் கேட்கிறார், வாய்தா மேல் வாய்தா. இங்கே வங்கியில் வாங்கிய ஓ.டி. கடனுக்கு வட்டி ஓடுகிறது. சனிக்கிழமை கூலிக்குக் கொத்தனாரிடம் நான் வாய்தா கேட்க முடியுமா?

போன வாரம் அதே அலுவலகத்திலிருந்து போன். "சார், புது டெண்டர் வந்திருக்கு, போடலையா? ஈ.எம்.டி., அதான் டெண்டர் முன்வைப்புத் தொகை, மட்டும் கடைசித் தேதிக்குள்ள கட்டிடுங்க, லேட்டானா எடுத்துக்க மாட்டோம்."