கண்ணீரை எண்ணிக்கொண்டு நிற்காதீர்கள்

ஞாயிற்றுக்கிழமை பெசன்ட் நகர் மயானத்தில் யார் என்ன பேசினார்கள் என்பது இங்கே பலருக்குத் தெரியும். பெயர் சொல்லப்போவதில்லை. "கட்டின பொண்டாட்டி போயிருக்கா, கண்ணுல ஒரு சொட்டுத் தண்ணி இல்ல பாரு." மனைவியை இழந்து நின்றவரின் காதுபடவே சொன்னீர்கள். வண்டிக்காரருக்குப் பணம், மாநகராட்சி ரசீது, வந்தவர்களுக்குத் தண்ணீர் பாட்டில் என்று காலையிலிருந்து அலைந்தவர் அவர்தான். அழ அவருக்கு எங்கே நேரம் விட்டீர்கள்?

அழவில்லை என்றால் துக்கம் இல்லை என்று அர்த்தமில்லை.

என் மனைவி போனபோதும் இதே பேச்சுதான். கொள்ளி வைத்துவிட்டு வந்து, பந்தியில் சாப்பாடு போதுமா என்று கேட்டுக்கொண்டிருந்தேன். அப்புறம் பல மாதம் உள்ளே ஒன்றுமே இல்லை. தாம்பரத்தில் ரயில் ஏறுவேன். பீச் ஸ்டேஷனில் எல்லோரும் இறங்கும்போதுதான், எழும்பூரில் இறங்கியிருக்க வேண்டும் என்பது உறைக்கும். மகள் பள்ளியில் பரிசு வாங்கினாள். கை தட்டினேன், சந்தோஷம் வரவில்லை. பயந்துபோனேன். மரத்துப்போவதும் துக்கம்தான் என்பதை ஒரு மனநல மருத்துவர் சொல்லித்தான் தெரிந்துகொண்டேன்.

"அக்கறையில்தானே சொன்னோம்" என்பீர்கள். அந்த அக்கறை பதினாறாம் நாள் காரியத்தோடு ஏன் நின்றுபோகிறது? அதற்குப் பிறகு ஒரு போன் உண்டா?

"புருஷனை இழந்த பெண் படுவதைவிடவா?" இல்லைதான். தாலி அறுக்கும் சடங்கைப் பக்கத்தில் நின்று பார்த்தவன் நான், மறுக்கமாட்டேன். ஆனால் தேசியக் குற்ற ஆவணக் காப்பகத்தின் 2022 கணக்கில், தற்கொலை செய்துகொண்ட 1,70,924 பேரில் 1,22,724 பேர் ஆண்கள். எல்லோரும் துக்கத்தில் போனவர்கள் என்று சொல்லவில்லை. பேச ஆளில்லாமல் போனவர்கள் அதில் எத்தனை பேரோ! "ஆம்பளப் புள்ள அழலாமா" என்று சின்ன வயதிலேயே வாயை அடைத்துவிட்டு, மயானத்தில் வந்து கண்ணீர் கேட்பது என்ன நியாயம்?

14416 என்று அரசின் டெலி மானஸ் மனநல உதவி எண் இருக்கிறது. எந்த நேரமும் அழைக்கலாம், தமிழில் பேசலாம், காசு கிடையாது. அவரிடம் அதையாவது சொல்லுங்கள். அடுத்த மாதமும் போய் அவர் பக்கத்தில் உட்காருங்கள்.

என் மாமனார் வீட்டில் யாரும் இன்றுவரை என் வாசற்படி ஏறவில்லை. பேத்தியின் பிறந்தநாளுக்குக்கூட இல்லை. நான் செய்த குற்றம், அவர்கள் முன்னால் வாய்விட்டு அழாததுதான். அவர்கள் படிப்பார்கள் என்று தெரிந்தேதான் எழுதுகிறேன். என் மேல் கோபம் இருந்தால் இருக்கட்டும். குழந்தை உங்களைக் கேட்கிறாள், அவளுக்காக வாருங்கள்.